கேந்திப் பூக்காரி வேஷமும் டோலோரஸ் டெல் ரியோவும்

எனக்குக் கிடைத்தது ஒரே ஒரு வசனம். 'வெயிந்தே பெசோஸ் எல் மானோஹோ.' ஒரு கட்டு இருபது பெசோ என்று அர்த்தம். நவம்பர் 2, இறந்தவர்கள் நாளுக்காக நாங்கள் போடவிருந்த அரை மணி நேர நாடகத்தில் நான் பூக்காரி. வீட்டில் நூறு முறை சொல்லிப் பார்த்துவிட்டுத்தான் ஒத்திகைக்குப் போனேன். வாயைத் திறந்ததும் பதினைந்து பேரும் சிரித்துவிட்டார்கள்.

நான் நோட்டில் தமிழில் எழுதி வைத்துப் படித்திருந்தேன். 'பெசோ' என்று எழுதினால் அது பணமாகவும் இருக்கலாம், முத்தமாகவும் இருக்கலாம். வல்லொலியாகச் சொன்னால் பணம். 'அம்பு' என்பதில் வரும் ஒலியோடு சொன்னால் முத்தம். நமக்கு இரண்டுக்கும் ஒரே 'ப'. ஒரு கட்டுப் பூவுக்கு இருபது முத்தம் கேட்டிருக்கிறேன்.

எங்கள் மாயெஸ்த்ரா மட்டும் சிரிக்கவில்லை. நாடகம் சொல்லித்தரும் ஆசிரியையை இங்கே அப்படித்தான் கூப்பிடுவோம். எழுபது வயதைத் தாண்டியவர். என் நோட்டை வாங்கி, புரியாத அந்த எழுத்துகளைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "மிஹா, உன் ஊர் எழுத்தில் எழுதுவது தப்பில்லை. கேட்டி ஹுராதோ முதல் ஹாலிவுட் படத்தில் இங்கிலீஷ் தெரியாமல் ஒலியை மட்டும் மனப்பாடம் செய்துதான் நடித்தாள். ஆனால் உனக்கு நான் டோலோரஸைத்தான் கொடுப்பேன். போய்ப் பார்த்துவிட்டு வா" என்றார். இரண்டு பேருமே பழைய மெக்சிகோ நடிகைகள்; டோலோரஸ் என்று அவர் சொன்னது டோலோரஸ் டெல் ரியோவை. மிஹா என்றால் 'என் மகளே'. எனக்கு 46 வயது. அந்த ஒரு சொல்லுக்காகவே அடுத்த வாரமும் போனேன்.

நான் நாகர்கோவில்காரி. பதினெட்டு வருடம் பள்ளிக்கூடத்தில் தமிழாசிரியை. ஆண்டு விழா என்றால் பிள்ளைகளுக்கு நாடகம் பழக்குவது என் பொறுப்பு. கணவருக்கு மெக்சிகோ நகரத்துக்கு வேலை மாற்றம் வந்ததும் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்தேன். முதல் இரண்டு வருடம் கடையில் கையைக் காட்டியே காலம் போனது. நாள் முழுக்கப் பேசிப் பிழைத்தவளுக்கு ஊமையாக இருப்பது எப்படி இருக்கும் என்று சொல்லத் தெரியவில்லை. எங்கள் பேட்டையில் உள்ள கலாச்சார இல்லத்தில் கட்டணமில்லாமல் நாடகப் பயிற்சி நடக்கிறது என்று பக்கத்து வீட்டு அம்மா கூட்டிக்கொண்டு போனார். அப்படித்தான் இதில் சேர்ந்தேன்.

டோலோரஸ் டெல் ரியோ என்றால் மெக்சிகோவில் எல்லோருக்கும் முதலில் முகம்தான் ஞாபகம் வரும். அந்தக் காலத்தில் உலகத்திலேயே அழகான முகங்களில் ஒன்று என்று பத்திரிகைகள் எழுதின. மெக்சிகோவின் பேர்போன ஓவியர் தியேகோ ரிவேரா அவரை ஓவியமாகத் தீட்டியிருக்கிறார். நானும் முகத்தைப் பார்க்கத்தான் உட்கார்ந்தேன். ஒரு வருடம் அவர் படங்களையும் வாழ்க்கையையும் தொடர்ந்து படித்த பிறகு என் மனதில் நிற்பது வேறு ஒன்று. ஒவ்வொரு முறையும் வாழ்க்கை அவரைத் தெருவில் இறக்கிவிட்டபோது, அவர் திரும்பவும் முதல் பெஞ்சில் போய் உட்கார்ந்திருக்கிறார்.

1904-ல் வடக்கே துராங்கோவில் பிறந்தவர். வசதியான குடும்பம். 1910-ல் புரட்சி வெடித்ததும் அந்த வசதியெல்லாம் போய், குடும்பம் தலைநகரத்துக்கு ஓடி வந்தது. 1921-ல், பதினாறு வயதில், தன்னைவிடப் பதினெட்டு வயது மூத்த ஹாய்மே மார்த்தினேஸ் டெல் ரியோவைக் கல்யாணம் செய்தார். ஐரோப்பா எல்லாம் சுற்றிவிட்டு வந்து பருத்தி விவசாயத்தில் இறங்கினார்கள். பருத்தி விலை விழுந்தது, நஷ்டம். 1925-ல் எட்வின் கேரூ என்ற ஹாலிவுட் இயக்குநர் மெக்சிகோ வந்தபோது ஒரு ஓவிய நண்பர் அவரை இவர்கள் வீட்டுக்கு அழைத்து வந்தார். கணவர் பியானோ வாசிக்க டோலோரஸ் ஆடினார். ஹாலிவுட்டுக்கு வருகிறீர்களா என்று கேரூ கேட்டார். பெரிய குடும்பத்துப் பெண் சினிமாவில் நடிப்பதா என்று சொந்தபந்தம் எல்லாம் முகம் சுளித்தது. போனார்கள்.

இங்கிலீஷ் தெரியாது. அது ஊமைப்பட காலம் என்பதால் நடித்துவிட முடிந்தது. 1926-ல் 'வாட் பிரைஸ் க்ளோரி', 1927-ல் 'ரிசரெக்‌ஷன்', 1928-ல் 'ரமோனா' என்று மூன்றே வருடத்தில் உச்சிக்குப் போய்விட்டார். அந்த 1928 டிசம்பரில் ஹாய்மே பெர்லினில் இறந்துபோனார். அதே சமயத்தில் சினிமா பேச ஆரம்பித்தது.

இந்த இடத்தில் நான் படத்தை நிறுத்திவிட்டு நிறைய யோசித்திருக்கிறேன். ஊமைப்படத்தில் கொடிகட்டிப் பறந்த வெளிநாட்டு நடிகர்கள் பலர் பேசும்படம் வந்ததும் காணாமல் போனார்கள். டோலோரஸ் இங்கிலீஷில் பேசி நடித்தார். அதில் இருந்த ஸ்பானிஷ் சாயல் கடைசிவரை அவரோடு இருந்தது. 1933-ல் வந்த 'ஃப்ளையிங் டவுன் டு ரியோ' படத்தில் அதைக் கேட்கலாம். ஃப்ரெட் அஸ்டேரும் ஜிஞ்சர் ராஜர்ஸும் முதன்முதலில் ஜோடியாக ஆடிய படம் அதுதான். ஆனால் கதாநாயகி டோலோரஸ். அவர் பேசுவதை நான் கண்ணை மூடிக் கேட்டேன். வாக்கியத்தை அவர் எங்கேயும் விழுங்குவதில்லை. சொல்லுக்குச் சொல் முழுசாக வருகிறது. உச்சரிப்பு வேறாக இருக்கலாம், ஆனால் தெளிவாக இருக்க வேண்டும் என்று எனக்குப் புரிந்தது அப்போதுதான்.

அன்றைக்கே நோட்டை மாற்றி எழுதினேன். வேறு மொழியில் நடிக்கவோ பேசவோ போகிற நம் ஆட்களுக்கு இது உதவும் என்பதால் விவரமாகச் சொல்கிறேன். தமிழ் எழுத்தில் எழுதுவதை விடவில்லை. கண் வேகமாக ஓடுவது அதில்தான். மெல்லொலியாக வரவேண்டிய க, த, ப எழுத்துகளைச் சுற்றி பென்சிலால் ஒரு வட்டம் போட்டேன். வட்டம் இருந்தால் முத்தம், இல்லையென்றால் பணம். அடுத்தது அழுத்தம். ஸ்பானிஷில் 'பாபா' என்பதில் முதல் எழுத்தை அழுத்தினால் உருளைக்கிழங்கு, இரண்டாவதை அழுத்தினால் அப்பா. நமக்கு இந்தப் பழக்கம் கிடையாது, எல்லா அசையையும் ஒரே சீராகச் சொல்லிவிடுவோம். மேலே புள்ளி வைத்தால் மெய்யெழுத்தாகிவிடும் என்பதால் அழுத்த வேண்டிய எழுத்தைச் சிவப்பு மையில் எழுதினேன்.

ஒரு விஷயத்தில் மட்டும் எனக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. 'பெரோ' என்றால் 'ஆனால்', 'பெறோ' என்றால் நாய். வெளிநாட்டுக்காரர்கள் மாதக்கணக்கில் திணறும் இடம் இது. எங்கள் ஊரில் மரம் என்பதையும் மறம் என்பதையும் நாக்கு தனித்தனியாகத்தான் சொல்லும். என் 'ற'வைக் கேட்டுவிட்டு மாயெஸ்த்ரா என்னை எழுந்து நிற்கச் சொல்லி எல்லோருக்கும் சொல்லிக் காட்ட வைத்தார். பிள்ளைகளிடம் ரகர றகர வேறுபாட்டுக்காகப் பதினெட்டு வருடம் மல்லுக்கட்டியவளுக்கு அது பெரிய சந்தோஷம்.

1942-ல் டோலோரஸ் மெக்சிகோவுக்குத் திரும்பினார். 38 வயது. ஹாலிவுட்டில் வாய்ப்புகள் தேய்ந்திருந்தன. கலை இயக்குநர் செட்ரிக் கிப்பன்ஸுடனான இரண்டாவது திருமணம் முடிந்திருந்தது. நடிகரும் இயக்குநருமான ஆர்சன் வெல்ஸுடனான உறவும் முடிந்திருந்தது. அதுவரை அவர் தன் தாய்மொழியில் ஒரு படம்கூட நடித்ததில்லை. 1943-ல் 'ஃப்ளோர் சில்வெஸ்த்ரே', தொடர்ந்து 'மரியா காந்தேலாரியா'. இரண்டையும் இயக்கியவர் எமிலியோ ஃபெர்னாண்டஸ், ஒளிப்பதிவு காப்ரியேல் ஃபிகெரோவா, கதாநாயகன் பெத்ரோ ஆர்மெந்தாரிஸ். டோலோரஸின் பிறந்தநாளுக்குப் பரிசு வாங்கக் கையில் காசில்லாமல் ஃபெர்னாண்டஸ் உணவு விடுதிக் காகிதத் துண்டுகளில் 'மரியா காந்தேலாரியா' கதையை எழுதிக்கொடுத்தார் என்று ஒரு கதை இங்கே எல்லோரும் சொல்வார்கள். அந்தப் படம் 1946-ல் கான் திரைப்பட விழாவின் உச்ச விருதைப் பகிர்ந்துகொண்டது.

மாயெஸ்த்ரா என்னைப் பார்க்கச் சொன்னதும் இந்தப் படத்தைத்தான். கூடவே ஒரு கட்டளை: "முதல் இருபது நிமிடத்தைச் சத்தத்தை அணைத்துவிட்டுப் பார். ஐந்து தடவை."

படம் நடப்பது நகரத்தின் தெற்கே உள்ள சோச்சிமில்கோவில். ஏரியில் மண்ணும் சேறும் கொட்டி உயர்த்திய பாத்திகளில் பூவும் காயும் விளைவிக்கும் ஊர். பாத்திகளுக்கு நடுவே வாய்க்கால்கள். போக வர எல்லாவற்றுக்கும் படகுதான். மரியா அங்கே பூ விற்கிற பழங்குடிப் பெண். தாயின் பழியை மகள் மேல் சுமத்தி ஊரே அவளை ஒதுக்கி வைத்திருக்கிறது. அவள் பூவோடு படகில் விற்கக் கிளம்பும்போது மற்ற படகுகள் எல்லாம் சேர்ந்து வாய்க்காலை மறித்து நிற்கின்றன. அவள் திரும்பிப் போகிறாள்.

சத்தம் இல்லாமல் பார்த்தபோதுதான் தெரிந்தது, அந்த இடத்தில் அவர் முகத்தை எவ்வளவு அசையாமல் வைத்திருக்கிறார் என்று. நானாக இருந்தால் கண்ணைக் கசக்கியிருப்பேன், உதட்டைக் கடித்திருப்பேன், கையை விரித்திருப்பேன். ஆண்டு விழா நாடகத்தில் பிள்ளைகளுக்கு நான் சொல்லிக்கொடுத்ததும் அதுதானே: கடைசி பெஞ்சில் இருப்பவருக்கும் தெரிகிற மாதிரி அழு. டோலோரஸ் கண்ணை மட்டும் தாழ்த்துகிறார். மீதி நம் நெஞ்சில் நடக்கிறது. ஊமைப்படத்தில் ஒரு நடிகை கற்றுக்கொண்டதை இருபது வருடம் கழித்துத் தன் மொழியில் கொண்டுவந்து இறக்கியிருக்கிறார்.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். துராங்கோ பணக்காரக் குடும்பத்தில் பிறந்த வெளுத்த நிறத்துப் பெண், செருப்பில்லாமல் சடை பின்னிக்கொண்டு பழங்குடிப் பெண்ணாக நடித்தது இன்றைக்கு உறுத்துகிறது. எங்கள் குழுவில் சோச்சிமில்கோவிலேயே பிறந்து வளர்ந்த ஒரு அக்கா இருக்கிறார். "என் பாட்டி இப்படிப் பேசியதே இல்லை" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார். அவர் சொன்னது நியாயம். ஆனால் படத்தின் கடைசியில், பூக்களுக்கு நடுவே மரியாவின் உடல் படகில் போகும்போது அவர் திரும்பி வந்து வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அதையும் நான் பார்த்தேன். இரண்டும் சேர்ந்ததுதான் அந்தப் படம்.

கைகளைப் பற்றி இன்னொரு படத்தில் கற்றேன். 1946-ல் ரொபெர்த்தோ கவால்தோன் இயக்கிய 'லா ஓத்ரா'. டோலோரஸ் அதில் இரட்டைச் சகோதரிகளாக வருகிறார். ஏழைத் தங்கை பணக்காரச் சகோதரியைக் கொன்றுவிட்டு அவளாகவே வாழத் தொடங்குகிறாள். கையெழுத்து காட்டிக்கொடுத்துவிடும் என்பதற்காகத் தன் வலது கைக்குத் தானே நெருப்புச் சூடு வைத்துக்கொள்கிறாள். அதற்குப் பிறகு அந்தக் கை எங்கே இருக்கிறது என்பதையே நான் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு மேடையில் பெரிய தொந்தரவே கைதான். பேசும்போது தானாக ஆடும். மாயெஸ்த்ரா என் தோளில் ஒரு ரெபோசோவைப் போட்டுவிட்டார். இங்கத்துப் பெண்கள் போர்த்திக்கொள்ளும் நீளத் துணி. குழந்தையைக் கட்டிக்கொள்வதும், சாமான் சுமப்பதும், குளிருக்குத் தலையில் போட்டுக்கொள்வதும் எல்லாம் அதிலேதான். முந்தானையை இடுப்பில் செருகிப் பழகிய கை உடனே அதைப் பிடித்துக்கொண்டது. மேடை பயம் உள்ளவர்கள் இதைச் செய்து பாருங்கள்: கைக்கு வெறும் பொருளைக் கொடுக்காதீர்கள், கைக்கு ஏற்கெனவே தெரிந்த ஒரு வேலையைக் கொடுங்கள். நான் பூக்கட்ட ஆரம்பித்தேன். தோவாளைப் பூச்சந்தை எங்கள் ஊருக்குப் பக்கம். சின்ன வயதிலிருந்து பார்த்த கை மறக்குமா?

இங்கே ஒரு வார்த்தை கேந்திப் பூவைப் பற்றி. செண்டுமல்லி என்றும் சொல்வார்களே, அதுதான். இறந்தவர்கள் நாளுக்கு இங்கே வீடு முழுக்க வைப்பது 'செம்பசூச்சில்' என்ற பூ. அக்டோபரில் சோச்சிமில்கோ பாத்திகள் எல்லாம் ஆரஞ்சு நிறமாக இருக்கும். முதன்முதலில் பார்த்தபோது, நம் கேந்தி எப்படி இங்கே வந்தது என்று பக்கத்து வீட்டு அம்மாவிடம் கேட்டேன். உண்மையில் அது இங்கிருந்துதான் நம்மிடம் வந்திருக்கிறது. செண்டுமல்லியின் பிறந்த மண் மெக்சிகோ. தெரிந்ததும் இந்த ஊர் எனக்குக் கொஞ்சம் சொந்தமானது.

இனி எனக்கு மிகவும் பிடித்த பகுதிக்கு வருகிறேன்.

1954-ல் டோலோரஸுக்கு 'ப்ரோக்கன் லேன்ஸ்' என்ற ஹாலிவுட் படத்தில் வாய்ப்பு வந்தது. கம்யூனிஸ்ட் அனுதாபி என்று சந்தேகப்பட்டு அமெரிக்கா அவருக்கு நுழைவு அனுமதி தரவில்லை. செனட்டர் மெக்கார்த்தியின் கம்யூனிஸ்ட் வேட்டை நடந்த காலம். அந்த வேடம் கேட்டி ஹுராதோவுக்குப் போனது, அதற்காக அவர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார். லத்தீன் அமெரிக்க நடிகை ஒருவருக்கு அந்தப் பரிந்துரை கிடைத்தது அதுவே முதல் முறை. ஒரு காகிதத்தில் முத்திரை விழாததால் இவ்வளவும் கை மாறியது. என் குடியிருப்பு அட்டை ஒரு அலுவலகத்தில் ஐந்து மாதம் தேங்கிக் கிடந்ததில் அம்மாவின் எழுபதாம் பிறந்தநாளுக்கு ஊருக்குப் போக முடியாமல் போனவள் நான். அன்று ராத்திரி இதைப் படித்தபோது எனக்குப் பக்கத்தில் ஒரு ஆள் உட்கார்ந்த மாதிரி இருந்தது.

அதற்குப் பிறகு அவர் செய்ததுதான் முக்கியம். முப்பது வருடமாக நட்சத்திரம், விருதுகள் வாங்கியாயிற்று, ஐம்பது வயது தாண்டியாயிற்று. மேடையில் நடித்ததில்லை. நியூயார்க்கில் நடிப்புப் பயிற்சிக்குப் பேர்போன ஸ்டெல்லா ஆட்லரிடம் போய்ப் பாடம் கேட்டார். 1956-ல் 'அனஸ்தாசியா' நாடகத்தில், இங்கிலீஷில், முதல் முறையாக மேடை ஏறினார். எங்கே? மசாசுசெட்ஸ் மாநிலத்தில் ஃபால்மவுத் என்ற கடலோரச் சிற்றூரில், கோடைக்கால அரங்கு ஒன்றில். அங்கிருந்து அந்தப் பக்கத்து ஊர் அரங்குகளுக்குப் போனார். இரண்டு வருடம் கழித்துத்தான், 1958-ல், ஆஸ்கர் வைல்டின் 'லேடி விண்டர்மியர்ஸ் ஃபேன்' நாடகத்தோடு மெக்சிகோ நகரத்து மேடைக்கு வந்தார். அதற்குப் பிறகு இப்சன் எழுதிய நாடகம், 'காமெல்லியாச் சீமாட்டி' என்று எழுபதுகள் வரை மேடையை விடவில்லை. நாடகத் தயாரிப்பாளர் லூயிஸ் ரைலியைத் திருமணம் செய்துகொண்டதும் இந்தக் காலத்தில்தான். நடுவில் 1960-ல் 'ஃப்ளேமிங் ஸ்டார்' படத்தில் எல்விஸ் பிரெஸ்லிக்கு அம்மாவாகவும் நடித்துவிட்டு வந்தார்.

தெரிந்தவர்கள் முன்னால் முதலில் ஏறாதீர்கள் என்று மாயெஸ்த்ரா எப்போதும் சொல்வார். நாங்களும் நாடகத்தை எங்கள் பேட்டைச் சதுக்கத்தில் போடுவதற்கு மூன்று வாரம் முன்னால், பக்கத்தில் ஒரு முதியோர் பகல் இல்லத்தில் போட்டோம். இருபது பேர். மூன்று பேர் தூங்கிவிட்டார்கள். ஒரு தாத்தா நடுவில் எழுந்து, "சத்தமாப் பேசும்மா, பூ விக்கிறவ இப்படியா கூவுவா?" என்றார். அவர் சொன்னது ரொம்பச் சரி. சந்தையில் கூவுகிறவள் முன்னால் நிற்பவரிடம் பேசுவதில்லை, நாலாவது கடையில் நிற்பவரைக் கூப்பிடுகிறாள். அடுத்த மூன்று வாரமும் தெருமுனைப் பழக்கடை அம்மா கூவுவதைப் போய்ப் போய்க் கேட்டேன். குரலை அவர் தொண்டையிலிருந்து எடுப்பதில்லை, வயிற்றிலிருந்து எடுக்கிறார். கடைசி அசையை இழுத்து மேலே கொண்டுபோய் விடுகிறார். அந்த இழுவையை அப்படியே வாங்கிக்கொண்டேன்.

எங்கள் குழுவில் ஒரு இளம் தாய் உண்டு. காலையில் தமாலே (மக்காச்சோள மாவில் அவித்த பண்டம்) விற்பவர், ஆறு வயதில் ஒரு பெண், மூன்று வயதில் ஒரு பையன். குழுவிலேயே நன்றாக நடிப்பவர் அவர்தான். ஆனால் இரண்டு ஒத்திகை வந்தால் மூன்று வரமாட்டார். பிள்ளைகளை விட ஆள் இல்லை. செப்டம்பர் கடைசியில், நான் விலகிக்கொள்கிறேன் என்று செய்தி அனுப்பிவிட்டார்.

டோலோரஸுக்குக் குழந்தை இல்லை. ஆனால் 1970 வாக்கில், மற்ற நடிகைகளோடு சேர்ந்து நடிகர் சங்கத்துக்குள் 'ரோசா மெக்சிகானோ' என்ற குழுவைத் தொடங்கி, சங்க உறுப்பினர்களின் பிள்ளைகளுக்காக ஒரு காப்பகம் நடத்தினார். நடிப்பவர்களுக்கு வேலை ராத்திரியில். எந்தப் பள்ளிக்கூடம் ராத்திரி திறந்திருக்கும்? பெயரைக் கொடுத்துவிட்டு ஒதுங்கிக்கொள்ளவில்லை. நிதி திரட்டினார், சிறு குழந்தைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும் முறைகளைத் தானே பாடமாகப் படித்தார், 1981 வரை தலைமைப் பொறுப்பில் இருந்தார். அறுபத்தைந்து வயதுக்கு மேல் மறுபடி ஒரு பள்ளிக்கூடம். அந்தக் காப்பகத்துக்குப் பிறகு அவர் பெயரையே வைத்தார்கள். அவர் படங்களில் எதைக் கேட்டாலும் எனக்கு இரண்டாவதுதான். இந்தக் காப்பகம்தான் முதல்.

அடுத்த வாரம் ஒத்திகையில் இதைச் சொன்னேன், எனக்குத் தெரிந்த ஸ்பானிஷில். பிள்ளைகளை நாம் முறை வைத்துப் பார்த்துக்கொள்ளலாம் என்றேன். ஆறு பேர் கை தூக்கினார்கள். சோச்சிமில்கோ அக்கா முதல் ஆள்.

எளிதாக நடந்துவிடவில்லை. முதல் நாள் உடை வைத்திருந்த அறையிலேயே பிள்ளைகளை உட்கார வைத்து வண்ணப் பென்சில் கொடுத்தோம். ஒரு வெள்ளைப் பாவாடை போயிற்று. இரண்டாவது நாள் அதைவிடப் பெரியது. நாடகத்தில் அந்தத் தாய் கதறி அழும் காட்சி ஒன்று உண்டு. பக்கத்து அறையில் இருந்த மூன்று வயதுப் பையன் சத்தம் கேட்டதும் எல்லோரையும் தள்ளிவிட்டு ஓடி வந்து அம்மா காலைக் கட்டிக்கொண்டு உடம்பு நடுங்க அழுதான். அரை மணி நேரம் யாரும் எதுவும் செய்யவில்லை. ஆசிரியையாக இருந்தவள் நான். இதை நான் யோசித்திருக்க வேண்டும். அடுத்த முறை பிள்ளைகளை முன்னால் உட்கார வைத்து, "இப்போ அம்மா அழற மாதிரி விளையாடப் போறாங்க, நீ எண்ணு, பத்து எண்ணி முடிக்கும்போது நிறுத்திடுவாங்க" என்று சொல்லிக்கொடுத்தோம். அவனுக்கு ஐந்துவரைதான் தெரியும். அக்காக்காரி சேர்ந்து எண்ணினாள். பத்தில் அம்மா அழுகையை நிறுத்திச் சிரித்துக்காட்டினார். அதற்குப் பிறகு அந்தக் காட்சி வரும்போதெல்லாம் அவன் விரலை மடக்கி எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருப்பான். பிள்ளைகளை வைத்துக்கொண்டு ஒத்திகை நடத்துகிறவர்கள் நடிப்பை அவர்களிடமிருந்து மறைக்காதீர்கள். முதலில் அவர்களுக்குக் காட்டிவிடுங்கள்.

அவரைப் புதிதாகப் பார்க்கப் போகிறவர்களுக்கு ஒரு யோசனை. ஹாலிவுட் படங்களில் தொடங்கினால் முகத்தோடு நின்றுவிடுவீர்கள். 'மரியா காந்தேலாரியா'வைச் சத்தமில்லாமல் கொஞ்சம், பிறகு முழுசாக. அடுத்து 'லா ஓத்ரா'. பிறகு 1951-ல் வந்த 'தோன்யா பெர்ஃபெக்தா'. மதப்பிடிப்பில் இறுகிப்போன ஒரு அத்தையாக, அழகாகத் தெரிய வேண்டும் என்ற ஆசையே இல்லாமல் நடித்திருக்கிறார். அதன் பிறகு 'ரமோனா'வுக்குத் திரும்பிப் போனால், அந்த இருபத்து மூன்று வயதுப் பெண் இன்னும் எவ்வளவு தூரம் போக வேண்டும் என்று தெரிந்தே பார்ப்பீர்கள். அவர் கடைசியாக நடித்தது 1978-ல் வந்த 'தி சில்ட்ரன் ஆஃப் சாஞ்செஸ்'. கேட்டி ஹுராதோவும் அந்தப் படத்தில் இருக்கிறார். 1983 ஏப்ரலில் கலிஃபோர்னியாவில் காலமானார். இப்போது அவர் அஸ்தி இருப்பது மெக்சிகோ நகரத்தில், சிறப்புக்குரியவர்களை அடக்கம் செய்யும் வட்டத்தில்.

நவம்பர் 2, சாயங்காலம் ஏழு மணி. சதுக்கத்தில் நாற்காலி போட்டிருந்தோம், ஜனம் நின்றுகொண்டும் பார்த்தது. சோச்சிமில்கோ அக்கா விடியற்காலையிலேயே நாற்பது கட்டு கேந்தி கொண்டுவந்துவிட்டார். முன் வரிசையில் பிள்ளைகள். நான் கூடையோடு நடுவில் வந்து நின்று நாலாவது கடைக்காரரைப் பார்த்துக் கூவினேன்: வெயிந்தே பெசோஸ் எல் மானோஹோ. எனக்கு முன்னால் அந்த ஆறு வயதுப் பெண் வாயை அசைத்துச் சொல்லிக்கொண்டிருந்தாள். வட்டம் இல்லாத 'ப'. யாரும் சிரிக்கவில்லை.

காட்சி முடிந்து மேடையோரத்துக்கு நகரும்போது கூட்டத்திலிருந்து ஒரு வயதான அம்மா எழுந்து என்னிடம் வந்தார். நாடகம் இன்னும் நடந்துகொண்டிருந்தது. அவர் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. கையில் ஒரு இருபது பெசோ நாணயம். வீட்டில் கணவர் படத்துக்கு வைத்த பூ போதவில்லை, ஒரு கட்டு கொடு என்றார். நான் மாயெஸ்த்ராவைப் பார்த்தேன். கொடு என்று தலையாட்டினார். கூடையோரத்தில் உட்கார்ந்து, பெரிய பூவாகப் பொறுக்கி, காம்பைச் சேர்த்துப் பிடித்து, தோவாளையில் கட்டுகிற மாதிரி இரண்டு சுற்றுச் சுற்றி முடிச்சுப் போட்டுக் கொடுத்தேன்.